கடைசி ஜீப்பும் கடைசி இருபது நிமிடமும்

போன மாதம் தேனியில் ஒரு தியேட்டரில், காலைக் காட்சியில், படம் முடிவதற்கு முன்பே எழுந்து நின்றவன் நான் ஒருவன்தான்.

வேட்டியை உதறிக் கட்டிக்கொண்டு, இருட்டில் காலால் செருப்பைத் தேடினேன். பக்கத்தில் என் மகள் கயல்விழி. "முடிஞ்சிருச்சு, வா. கூட்டம் எறங்குறதுக்குள்ள வெளிய போயிருவோம்" என்றேன்.

"அப்பா, உக்காருங்க. இன்னும் படம் இருக்கு."

"எனக்குத் தெரியாதா? நான் பாத்த படம். கதவு மூடும், கப்பல் போகும், நட்சத்திரம் சின்னதாகும். அம்புட்டுதான்."

பின்னாலிருந்து யாரோ, "பெரியவரே, மறைக்குது" என்றார். உட்கார்ந்தேன்.

திரையில் நட்சத்திரம் சின்னதாகிக்கொண்டே போய் அணைந்தது. கன்னங்கரேல் என்று இருட்டு. அடுத்து 'முற்றும்' என்று ஆங்கிலத்தில் வர வேண்டும். நாற்பது வருஷத்துக்கு மேலாக என் தலைக்குள் அப்படித்தான் அந்தப் படம் முடிந்துகொண்டிருக்கிறது. ஆனால் அது வரவில்லை. திரையில் பொழுது விடிந்தது.

ஒரு சாதாரணத் தெரு. அழுக்கேறிய வெள்ளை உடுப்போடு அந்த விண்வெளிக்காரன் தள்ளாடி நடந்து வருகிறான். தெருமுனையில் ஒரு குழாய். அதன் முன்னால் நிற்கிறான். திருகுகிறான். இரண்டு கையையும் சேர்த்து ஏந்துகிறான். கை நிறைகிறது. குடிக்காமல், தண்ணீரையே பார்த்துக்கொண்டு நிற்கிறான்.

இந்தக் காட்சியை நான் பார்த்ததில்லை. ஆனால் கேட்டிருக்கிறேன். போடியில் ஒரு டீக்கடையில், ஒருத்தன் இரண்டு கையையும் இதே மாதிரி ஏந்திக் காட்டினான். நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம்.

மழை பெய்த கிரகம்

இந்தப் பத்திரிகைத் தொடரில் சில மாதங்களுக்கு முன் 'ராக்கெட்டு' என்று ஓர் அத்தியாயம் எழுதியிருந்தேன். என் நண்பன் சிக்கந்தர் ஒரு விண்வெளிப் படத்தைப் பற்றி அளந்துவிட்ட கதை. அதைப் படித்துச் சிரித்ததாகப் பலர் எழுதினார்கள். மாத்திரை போட மறந்து சிரித்ததாக ஒரு வாசகர் எழுதியிருந்தார். எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் ஏறியது உண்மை.

பெங்களூரில் வேலை பார்க்கும் கயலும் அதைப் படித்தாள். அந்தப் படத்தையே இப்போது புதுப்பித்து மறுபடி வெளியிடுகிறார்கள் என்று கண்டுபிடித்து, ஊருக்கு வந்த கையோடு டிக்கெட் எடுத்துவிட்டாள். அப்பனைச் சந்தோஷப்படுத்தத்தான் எடுத்தாள். பாவம்.

"புதுப்பிக்கிறதுன்னா என்ன, பெயிண்டா அடிப்பாக?" என்று கேட்டேன்.

"மூலச் சுருளை எடுத்து, ஒவ்வொரு படமாத் தொடைச்சு, கீறலை எடுத்து, கலரைச் சரி பண்ணுவாங்கப்பா."

"நம்ம ஏலக்காயைப் பொடைச்சு, தூசு எடுத்து, கலர் பாத்துப் பிரிக்கிற மாதிரி."

"ஆமாப்பா, அதேதான்."

உண்மையிலேயே துடைத்துத்தான் வைத்திருந்தார்கள். கதை இதுதான். தண்ணீரே இல்லாத ஒரு கிரகத்துக்கு ஐந்து பேர் போகிறார்கள். நான்கு பேர் ஒவ்வொருவராகச் சாகிறார்கள். மிஞ்சிய ஒருத்தன் ஒரு சின்னக் கப்பலில் ஏறிக் கிளம்புகிறான். போடிக்கு வந்தது ஏழு ஊர் சுற்றித் தேய்ந்த சுருள். திரை முழுக்க மேலிருந்து கீழாக வெள்ளைக் கோடு ஓடிக்கொண்டே இருந்தது. தண்ணீரில்லாமல் மனுசன் நாக்கு வறண்டு சாகிறான், படம் முழுக்க மழை கொட்டுகிறது. "வாயைத் தெறந்து மேல பாருடா, செத்த பயலே" என்று தரை டிக்கெட்டில் ஒருத்தர் கத்தினார். அன்றைக்கு அந்த ஆட்டத்தில் விழுந்த பெரிய சிரிப்பு அதுதான்.

தேனித் திரையில் அந்த மழை இல்லை. அந்த மண்ணின் சிவப்பு கண்ணைக் குத்தியது. செத்தவர்களின் உதட்டு வெடிப்புகூடத் தெரிந்தது. அந்தக் காலத்தில் எதைப் பார்த்துச் சிரித்தோம் என்று எனக்குக் கூச்சமாக இருந்தது.

பெஞ்சின் மேல் ஏறியவன்

பழைய அத்தியாயத்தைப் படிக்காதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

சிக்கந்தரும் நானும் ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒன்றாகப் படித்தவர்கள். நான் பத்திரப்பதிவு ஆபீசில் எழுத்தராகச் சேர்ந்தேன். அவன் தன் அத்தாவின், அதாவது அப்பாவின், வழியில் ஏலக்காய்த் தொழிலுக்குப் போனான். மலைக்கு ஏறிப்போய், எந்தத் தோட்டத்தில் காய் எப்படி இருக்கிறது, பச்சை எவ்வளவு, வெடித்தது எவ்வளவு, ஈரம் போயிருக்கிறதா என்று பார்த்துவந்து போடி வியாபாரிகளிடம் சொல்ல வேண்டும். அவன் சொல்லை வைத்து அவர்கள் ஏலத்தில் விலை கேட்பார்கள். அந்த வேலைக்குக் கடை வேண்டாம், முதல் வேண்டாம். சொன்ன சொல் நின்றால் போதும். அவன் சொல் நன்றாகவே நின்றது.

ஒருமுறை மாதிரிக் காயோடு மதுரைக்குப் போனவன், மதியம் நேரமிருக்கிறதே என்று இந்தப் படத்துக்குப் போயிருக்கிறான். மறுநாள் டீக்கடையில் முழுக்கதையும் சொன்னான். "கடைசில திரும்பி வந்துர்றான் மாப்ளே. ஒரு கொழாய் முன்னாடி நின்னு, கையில தண்ணிய ஏந்திக்கிட்டு, குடிக்காமப் பாத்துக்கிட்டே நிக்கான். எனக்கு என்னமோ பண்ணிருச்சு."

"குடிச்சானா இல்லையா?" என்று கேட்டேன்.

"தெரியல. போடி பஸ்சுக்கு நேரமாச்சுன்னு அதோட எந்திரிச்சு வந்துட்டேன்."

டீக்கடையே சிரித்தது. "புளுகுறவன் முழுசாவாவது புளுகணும்டா" என்றேன். ஆகாயத்துக்குப் போனவன் தெருக்குழாயில் வந்து நின்றான் என்றால் எவன் நம்புவான்? பேச்சு முற்றிப் பந்தயமானது. படம் போடிக்கு வரட்டும், அதில் குழாய் இல்லை என்றால் இதே கடையில் பெஞ்சின் மேல் ஏறி, "நான் சொன்னது புளுகு" என்று மூன்று தடவை சொல்ல வேண்டும். பந்தயத்தை வைத்தவன் நான்.

சில மாதம் கழித்துப் படம் வந்தது. ஐந்து நாள்தான் ஓடியது. சிக்கந்தர் அப்போது மலையில் இருந்தான். நாங்கள் ஐந்து பேர் ஞாயிற்றுக்கிழமை மதியக் காட்சிக்குப் போனோம். கதவு மூடியது, கப்பல் போனது, நட்சத்திரம் அணைந்தது, முற்றும். குழாயும் இல்லை, ஒரு சொட்டுத் தண்ணீரும் இல்லை.

அவன் இறங்கி வந்தபோது படப்பெட்டி ஊரைவிட்டுப் போயிருந்தது.

"இருக்கு மாப்ளே. கண்ணால பாத்தேன்" என்றான்.

"நாங்க அஞ்சு பேரு பாத்திருக்கோம். நீ ஒத்த ஆளு. எது எடுபடும்?" பதிவு ஆபீசில் நாள் முழுக்க நான் பேசுகிற பேச்சு இது. இரண்டு சாட்சி கையெழுத்து இல்லாமல் அங்கே ஒரு முழம் நிலம் கைமாறாது.

"நெசத்தப் பொய்யினு சொல்லச் சொல்றியேடா."

"பேச்சுன்னா பேச்சு. ஏறு."

ஏறினான். மூன்று தடவை சொன்னான். மூன்றாவது தடவை குரல் உள்ளே போய்விட்டது. "கேக்கல, சத்தமாச் சொல்லு" என்று கீழே நின்று நான்தான் சொன்னேன். அன்றிலிருந்து அவன் பெயர் ராக்கெட்டு.

எழுதாமல் விட்டது

இதுவரைதான் அன்றைக்கு எழுதியிருந்தேன். எழுதாமல் விட்டது இரண்டு.

முதலாவது, அந்த ஞாயிற்றுக்கிழமை படம் முடிந்தபோது திரை ஒரு குதி குதித்தது. பின்னணி இசை பாதியில் கத்தரித்தமாதிரி நின்றது. 'முற்றும்' கோணலாக வந்து விழுந்தது. 'என்னடா இது, பொசுக்குன்னு முடிஞ்சிருச்சு' என்று என் மனதிலேயே பட்டது. நான் வாயைத் திறக்கவில்லை. சிக்கந்தர் பெஞ்சில் ஏறும்போதும் அது என் நினைவில் இருந்தது. ஜெயிக்கிற பந்தயத்தை எவன் கெடுத்துக்கொள்வான்?

இரண்டாவது, பெயர் பெயரோடு நிற்கவில்லை. வியாபாரிகள் டீக்கடையில் கேட்ட வேடிக்கையைக் கடைக்குள்ளும் கொண்டுபோனார்கள். "யாரு, ராக்கெட்டு சொன்னதா? அப்பப் பாதியக் கழிச்சிட்டுக் கேளு" என்பார்கள். சிரித்துக்கொண்டேதான் சொல்வார்கள். ஆனால் கழித்தார்கள். கொஞ்ச நாளில் அவனை மலைக்கு அனுப்புவதையே நிறுத்திவிட்டார்கள். ஒரு வருஷத்துக்குள் மலை மேலிருக்கும் போடிமெட்டுக்கே குடிபோய், ஒரு சின்னக் கடை போட்டுக்கொண்டான்.

அங்கே யாவாரம் நன்றாக இருக்கும் என்றுதான் போகிறான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கல்யாணத்துக்குப் போனேன். அவன் அத்தா மௌத்தானபோது அடக்கத்துக்குப் போனேன். மூணாறு போகிற வழியில் பஸ் அவன் கடையைத் தாண்டும்போது கை காட்டினேன். அவனும் கை காட்டினான். ஒரே ஊரில் பிறந்த இரண்டு பேருக்கு நடுவே அவ்வளவு போதுமென்று வைத்துக்கொண்டேன்.

பவுன்ராஜ் அண்ணன் சொன்னது

தேனியிலிருந்து வீட்டுக்குப் போகவில்லை. நேராக எங்கள் தெருக்கோடிக்குப் போனேன். அங்கேதான் பவுன்ராஜ் அண்ணன் இருக்கிறார். போடி தியேட்டரில் அந்தக் காலத்தில் படம் ஓட்டியவர். வயது எண்பதைத் தொட்டுவிட்டது, காது மட்டும் மந்தம்.

படத்தின் பெயரைச் சொன்னேன். அவருக்கு ஞாபகமில்லை. "தண்ணியில்லாத கிரகம்ணே. கடைசில கொழாய் வரும்" என்றேன்.

"ஓ, அதுவா. வெட்டிருப்பேன்" என்றார், முருங்கைக்காயை வெட்டியதைச் சொல்வது மாதிரி.

"ஏன்ணே?"

"ஏனா? ஞாயித்துக்கெழமை தோட்டத்துச் சனமெல்லாம் எறங்கும்ல. சந்தைக்கு வந்துட்டு அப்பிடியே மேட்னி. மெட்டுக்குக் கடைசி ஜீப்பு அஞ்சரைக்கு. அதை விட்டா, பனி எறங்கிரும், கொண்டை ஊசி வளைவுல எவனும் வண்டி ஏத்த மாட்டான். படம் நீளம்னா பாதியில எந்திரிச்சுப் போயிரும். அடுத்த வாரம் வராது. மொதலாளி என்னையப் போட்டு ஏசுவாரு. அதனால கடைசி ரெண்டு சுருளை, இருபது நிமிசத்த, எடுத்து வச்சிட்டு, முடிவு எழுத்தை மட்டும் ஒரு மொழம் வெட்டி முந்துன சுருளோட வாலுல ஒட்டிருவேன்."

"ஞாயித்துக்கெழமை மட்டுமா?"

"ஒருக்கா ஒட்டுனத ஆட்டத்துக்கு ஆட்டம் பிரிச்சு ஒட்ட யாரால முடியும்? அஞ்சு நாளும் அப்பிடித்தேன் ஓடும். பொட்டி திரும்பிப் போகையில சேத்து அனுப்பிருவேன். தமிழ்ப் படத்துல கை வைக்க முடியாது, நாற்காலியக் கிழிச்சிருவாங்கெ. இங்கிலீசுப் படம்னா எவனுக்குத் தெரியப் போகுது?"

"ஒருத்தனுக்குத் தெரிஞ்சிருந்துச்சுண்ணே. அவனப் பொய்யன்னு சொல்லிட்டோம். இத்தன வருசமா நீங்க இதச் சொல்லவே இல்லையே."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "கேட்டாத்தானப்பா சொல்றதுக்கு? நீ கேட்டியா?"

கேட்கவில்லை. அவர் வீட்டைத் தாண்டித்தான் தினமும் ஆபீசுக்குப் போனேன், வந்தேன். முப்பத்திச் சொச்சம் வருஷ உத்தியோகத்தில் வில்லங்கம் பார்க்காமல் ஒரு பத்திரத்தையும் கையால் தொட்டதில்லை. என் நண்பன் விஷயத்தில் பத்து எட்டு நடந்து போய் ஒரு வார்த்தை கேட்கத் தோன்றவில்லை.

ராக்கெட்டு கடை

மறுநாள் காலையில் கயல் காரை எடுத்தாள். சினிமா டிக்கெட்டைப் பத்திரமாகச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டேன். அது ஒரு சாட்சி, மகள் இன்னொரு சாட்சி. பழகிப்போன புத்தி.

மலையடிவாரத்து முந்தல் தாண்டி வளைவுகள் தொடங்கியதும் காது அடைத்தது. கடைசி ஜீப்பு ஏறிய பாதை இதுதான் என்று ஒவ்வொரு திருப்பத்திலும் நினைத்துக்கொண்டேன். அந்த ஜனங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவர்கள் வீடு போய்ச் சேர வேண்டும். பவுன்ராஜ் அண்ணன் மேலும் இல்லை. கோபப்பட ஆள் தேடித்தேடி, கடைசியில் காருக்குள் நான் மட்டும்தான் மிஞ்சினேன்.

கடை வாசலில் 'ராக்கெட்டு ஸ்டோர்' என்று பலகை. பக்கத்தில் ஒரு ராக்கெட்டும் வரைந்திருந்தார்கள். அவன் மகன் செய்த வேலையாம். ஏன் அந்தப் பெயர் என்று ஜீப் டிரைவர்கள் யாருக்கும் தெரியாது. சிக்கந்தர் கம்பளித் தொப்பியோடு உள்ளே உட்கார்ந்திருந்தான். தாடி பஞ்சாக வெளுத்திருந்தது.

"வா மாப்ளே. என்ன இம்புட்டுத் தூரம்? உம் மகளா? வா ஆத்தா." மருமகளிடம் பால் விடாத கட்டன் சாயா போடச் சொன்னான். "எம் மருமகதேன் உன் கதையை வாசிச்சுச்சு. நல்லாத்தேன் எழுதியிருந்த. சிரிச்சோம்."

எனக்குத் தலை நிமிரவில்லை. எங்கே தொடங்குவது என்று தெரியாமல் ஊர்க்கதை பேசினேன். அவனும் பேசினான்.

"நேத்துக் காலையில இந்தா, இந்த வளைவுல காட்டுமாடு நின்னுச்சு. மருமகளக் கேட்டுப் பாரு."

கொஞ்சம் கழித்து, "போன மாசம் நல்ல மழை. எதுத்த கடைக்காரரக் கேட்டுப் பாரு."

"சக்கர இப்பக் கொறஞ்சிருச்சு எனக்கு. ஆசுபத்திரிச் சீட்டு இருக்கு, காட்டவா?"

மூன்றாவது தடவைதான் எனக்கு உறைத்தது. சிக்கந்தர் எதைச் சொன்னாலும் கூடவே ஒரு சாட்சியை நிறுத்திவைக்கிறான். காட்டுமாட்டுக்கும் மழைக்கும் சாட்சி. அவன் இப்படிப் பேசுகிறவன் இல்லை. இப்படிப் பேசவைத்த நான் எதிரே உட்கார்ந்து அவன் வீட்டுச் சாயாவைக் குடித்துக்கொண்டிருந்தேன்.

டம்ளரைக் கீழே வைத்தேன். "சிக்கந்தரு, அந்தப் படத்த நேத்துத் தேனியில பாத்தேன்டா. முழுசா. கொழாய் இருக்கு. நீ சொன்ன மாதிரியே ரெண்டு கையையும் ஏந்திக்கிட்டு நிக்கான். நம்மூருல ஓட்டும்போது கடைசி ஜீப்புக்காக வெட்டிட்டாங்க. நீ சொன்னது நெசம். நாந்தேன் தப்பு."

அவன் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தான். வாசலில் லோடு ஜீப் ஒன்று நின்று, ஒருவர் பீடி வாங்கிக்கொண்டு போனார். மருமகள் சில்லறை கொடுத்தாள்.

"நெசமாவே இருக்கா?"

"இருக்குடா."

"நான் பாக்கவே இல்லையோன்னு நெனச்சேன் மாப்ளே" என்றான். "ரொம்ப வருசமா அப்பிடித்தேன் நெனச்சுக்கிட்டிருக்கேன். அம்புட்டுப் பேரும் இல்லைங்கிறப்ப, நம்மதேன் எதையோ கனாக் கண்டு ஒளறிட்டோம் போலன்னு. மூணு தடவை என் வாயாலயே சொன்னேன்ல. சொல்லச் சொல்ல எனக்கே நெசமாப் போச்சு."

பொய்யன் என்று ஊரை நம்பவைத்தது ஒரு பாவம். அவனையே நம்பவைத்திருக்கிறேன். அதற்கு என்ன சொல்லி மன்னிப்புக் கேட்பது? "மன்னிச்சிருடா" என்றேன். அது போதாது என்று எனக்கே தெரிந்தது.

"விடுறா. அப்ப எல்லாரும் எளவட்டம்" என்றான்.

"பத்திரிகையில எழுதுறேன். நீ சொன்னது நெசம்னு எல்லாருக்கும் தெரியட்டும்."

"எழுது. பலகைய மட்டும் மாத்தச் சொல்லீராத, எம் மவன் ஆசையா எழுதுனது." லேசாகச் சிரித்தான். பிறகு முன்னால் சாய்ந்து, குரலைத் தாழ்த்திக் கேட்டான். "அது கெடக்கட்டும். அவன் குடிச்சானா மாப்ளே?"

"குடிச்சான்" என்றேன். "கொஞ்ச நேரம் பாத்துக்கிட்டே நின்னான். விரலிடுக்குல பாதி ஒழுகிப் போச்சு. அப்பறம் மிச்சத்தக் குடிச்சான்."

"ம்" என்று தலையாட்டினான். கண்ணை மூடிக்கொண்டான். "நல்லாருக்கட்டும்" என்றான், தெரிந்தவனைப் பற்றிச் சொல்வது மாதிரி.

கயலுக்கு மனசு கேட்கவில்லை. "மாமா, அந்தப் படம் கொஞ்ச நாள்ல போன்லயே வந்துரும். நானே வந்து காட்டுறேன். உங்க கண்ணாலயே பாத்துரலாம்."

சிக்கந்தர் கண்ணைத் திறக்காமலே கையை ஆட்டினான்.

"எதுக்கு ஆத்தா? அதேன் உங்கப்பன் பாத்துட்டு வந்து சொல்றான்ல."

சட்டைப்பையில் இருந்த டிக்கெட்டை நான் வெளியே எடுக்கவில்லை.